ஐலியின் பெயருக்குக் கீழே ஒரு சொல்

1

இந்தக் கதை ஒரு கல்லறைக் கல்லிலிருந்து வந்தது. கற்பனை ஊற்றெடுத்தது, கனவில் வந்தது என்றெல்லாம் சொல்கிறவர்களை நான் நம்புவதில்லை. எனக்கு ஊற்றும் கிடையாது, கனவும் கிடையாது. நான் லாரி ஓட்டியவன்.

பின்லாந்தில் எங்கள் ஊர் ஹாபாமாகி; அதன் சர்ச்சுக்குப் பின்னால் எங்கள் குடும்பக் கல்லறை இருக்கிறது. அப்பா பெயர், அதன் கீழே 'ரயில்பாதைக் காவலர்'. அம்மா பெயர், அதன் கீழே 'ரயில்பாதைக் காவலரின் மனைவி'. மாடுகளையும் எங்களையும் ஒன்றாக மேய்த்தவளுக்குக் கிடைத்தது அவ்வளவுதான். எங்கள் பக்கம் பெயருக்குக் கீழே செய்த வேலையையும் வெட்டுவார்கள். செத்தவன் உயிரோடு இருந்தபோது சும்மா படுத்திருக்கவில்லை என்று நாலு பேருக்குத் தெரிய வேண்டுமல்லவா.

கல்லில் எழுத்து தேய்ந்துவிட்டது. கல்தச்சன் ரெய்யோ, நடுக்கோடைத் திருநாளுக்கு முன்னால் வந்து புதுப்பித்துத் தருகிறேன் என்றான். வந்ததோடு வந்ததாக இன்னும் உயிரோடு இருக்கிற எங்கள் இருவர் பெயரையும் வெட்டிவிடலாம், பிறந்த வருஷத்தைப் போட்டு ஒரு கோடு இழுத்துவிட்டால் மீதியைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றான். இங்கே எல்லோரும் செய்வதுதான். என் பெயருக்குக் கீழே 'லாரி ஓட்டுநர்'. யோசிக்கவே இல்லை. என் அக்கா ஐலி ரயில் நிலையக் கவுண்டரில் உட்கார்ந்தே கிழவியானவள். அவள் பெயருக்குக் கீழே 'டிக்கெட் விற்பனையாளர்' என்று நானே எழுதி, அவளிடம் காட்டக் கொண்டுபோனேன்.

தாளைப் பார்த்தாள். திருப்பி என்னிடம் நீட்டினாள்.

"திரைக்கதையாசிரியர்னு போடு."

"என்னது?"

"காது கேக்குதுல்ல? அதான்."

என் அக்கா என்னிடம் இதுவரை எதுவும் கேட்டதில்லை. ஒரு கை உப்புகூட. இந்த வயதில் முதல்முறையாக ஒன்று கேட்கிறாள், அதுவும் ஒரே ஒரு சொல். கல்லறை உரிமையோ என் பெயரில் இருக்கிறது. (அப்பா செத்தபோது சர்ச் அலுவலகத்துக்குப் போக என்னிடம் லாரி இருந்தது. வேறு காரணம் இல்லை.) நான் கையெழுத்துப் போடாமல் அந்தக் கல்லில் ஒரு புள்ளிகூட விழாது.

"யோசிச்சுச் சொல்றேன்" என்றேன்.

"நீ யோசிச்சு முடிக்கிறதுக்குள்ள அந்தக் கோட்டுக்கு அந்தப் பக்கமும் வருஷத்தை வெட்டிருவாங்க. ஒண்ணு பண்ணு. வகுப்புக்குப் போயி எழுத்தாளன் ஆயிட்டியே, எழுது. நான் பண்ணினதை எல்லாம் எழுதிப் பாரு. எழுதி முடிச்சப்புறமும் டிக்கெட்டுதான்னு தோணுச்சுன்னா டிக்கெட்டே போடு. வாயத் திறக்க மாட்டேன்."

ஆக, நீங்கள் கையில் வைத்திருப்பது ஒரு வழக்கு. நீதிபதி ஆரம்பப் பள்ளியோடு நின்றவன்.

2

வகுப்பைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் வேறு யாராவது சொல்லிவிடுவார்கள். நான் மரவேலை வகுப்பில் சேரத்தான் போனேன். இடம் நிறைந்துவிட்டது. எழுத்து வகுப்பில் நாற்காலி காலியாக இருக்கிறது என்றார்கள். ஹீட்டருக்குப் பக்கத்து நாற்காலி. உட்கார்ந்தேன். யுவாஸ்குலாவிலிருந்து பஸ்ஸில் வருகிற ஆசிரியை, "உங்கள் புலன்களைத் திறந்து வையுங்கள், உந்தோ" என்பாள். வீட்டுக் கதவையே பூட்டிவிட்டு வருகிறவன் இந்த உந்தோ.

தொடக்கம் முக்கியம் என்று சொல்லிக்கொடுத்தாள். எழுதிப் பார்த்தேன்.

[தொடக்கம்] பனி மௌனமாகப் பெய்துகொண்டிருந்தது. ஒரு சிறுமி ஜன்னலருகே நின்று, தொலைவில் மறையும் ரயிலைப் பார்த்தபடி கனவு கண்டுகொண்

(நிறுத்திவிட்டேன். எங்கள் வீட்டு ஜன்னலருகே அடுப்பு இருந்தது. அங்கே நின்றது அம்மா. கனவும் காணவில்லை, கஞ்சி கிண்டினாள்.)

[இன்னொரு தொடக்கம்] பின்லாந்துத் திரையுலகம் அறியத் தவறிய மாமேதை

('மாமேதை' என்று எழுதியபோது கை கூசியது. இந்தச் சொல்லை இதுவரை ஒரே ஒரு டீசல் இன்ஜினுக்குத்தான் சொல்லியிருக்கிறேன்.)

[இன்னொன்று] ஐலி குய்துனென் திரைக்கதை எழுதினாள். யாருக்கும் தெரியாது. முற்றும்.

(இது எனக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் ரெய்யோ வருவதற்கு இன்னும் நாள் கிடக்கிறது.)

3

சரி, அவள் தொழில்.

ஹாபாமாகியில் ரயில் மாறுவார்கள். மாறுகிறவர்கள் கவுண்டரில் வந்து பேசுவார்கள். பேச்சு என்றால் போகிற ஊரின் பெயர்தான், இப்படி:

"தாம்பெரே."

"போக மட்டுமா?"

"ம்."

ஐலி வசனம் கற்றுக்கொண்டது இந்தப் பள்ளிக்கூடத்தில். ரயிலுக்கும் ரயிலுக்கும் நடுவில் எழுதினாள். தொலைக்காட்சிக்குப் படம் எடுத்துக்கொடுக்கிற ஒரு நிறுவனம் ஹெல்சிங்கியில் இருந்தது. அங்கே ரொல்ஃப் என்று ஒருவன், வருகிற கதைகளைப் படித்துத் திருத்துகிறவன். அவனுக்கு அனுப்பினாள். முதல் கதை, கணவன் இறந்தபின் ரயில்பாதைக் காவலை ஏற்கிற ஒரு பெண்ணைப் பற்றியது. ரொல்ஃப் நிலையத்துக்கே போன் செய்தான்.

"அம்மா, உங்க கதையில யாருமே பேசலையே!"

"பேசுறாங்களே. நாலாம் பக்கத்துல."

அவன் இன்னொருவனை உட்காரவைத்துப் பேச்சைச் சேர்த்தான். படத்தில் அந்தக் காவல்காரி தண்டவாளத்தைப் பார்த்து வாழ்க்கையைப் பற்றி அவ்வளவு பேசினாள். ரயில் வந்திருந்தால் அடித்துவிட்டுப் போயிருக்கும். ஐலி பாடம் கற்றுக்கொண்டு, அடுத்த கதையில் எல்லோரையும் வாய் ஓயாமல் பேசவைத்தாள். அதற்குள் ஹெல்சிங்கியில் மௌனம் நாகரிகமாகிவிட்டது. அத்தனையையும் வெட்டிவிட்டார்கள். முதல் படத்தில் அவள் எழுதாததைப் பேசினார்கள். இரண்டாவதில் அவள் எழுதியதைப் பேசவில்லை.

அதற்கடுத்த படத்தில், உறைந்த ஏரிமேல் சவப்பெட்டியைச் சறுக்கு வண்டியில் இழுத்துப்போகிற காட்சி ஒன்று. நல்ல காட்சி, குறை சொல்வதற்கில்லை. படக்குழு கிளம்பி வருவதற்குள் ஏரி உருகிவிட்டது. படகில் ஏற்றினார்கள். கரையோரமெல்லாம் பூ. பார்க்கக் கல்யாண ஊர்வலம் மாதிரி இருந்தது.

இந்தப் படங்களை ஊரே பார்த்தது. ஆனால் அவை சனிக்கிழமை சாயங்காலம் வரும். சனிக்கிழமை எங்களுக்குச் சவுனா, நீராவிக் குளியல். எழுதியவர் பெயர் படத்தின் கடைசியில் வரும்; அதற்குள் சவுனா சூடேறியிருக்கும்; சூட்டை வீணாக்கிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்து யாரோ ஒருவர் பெயரைப் படிக்க எங்களுக்குப் பைத்தியமா? தெரிந்தவர்களும் சொல்லவில்லை. பார்த்தேன் என்று சொன்னால் பாராட்ட வேண்டிவரும். பாராட்டினால் பாவம் அவள் முகத்தை எங்கே கொண்டுபோய் வைப்பாள்? கவுண்டரில் எழுந்து ஓடவும் முடியாது. அவளுடைய நன்மையை நினைத்துத்தான் ஊர் முழுக்க வாயை மூடிக்கொண்டது.

(ஆசிரியை இந்த இடத்தில் ஓரத்தில் 'சோகம்!' என்று எழுதினாள். இதில் என்ன சோகம்? இது மரியாதை.)

4

இந்த இடத்தில் ஒரு பாத்திரம் உள்ளே வருகிறான். அவனை எடுத்துவிடலாமா என்று ரொம்ப யோசித்தேன். ஆள் நம்பும்படியாக இல்லை. வெள்ளைச் சட்டை போட்டிருக்கிறான், கையில் ஒன்றும் கொண்டுவரவில்லை, வாசலில் நின்று செருமுகிறான். எந்த வாசகரும் இவனுக்காகக் கவலைப்பட மாட்டார். சிக்கல் என்னவென்றால் அவன் நான்.

கூட்டுறவுக் கடையில் லெம்பி என்று ஒருத்தி வேலை பார்த்தாள். தனியாக இருந்தாள். ஒரு இலையுதிர்கால ஞாயிற்றுக்கிழமை, என்னைக் கட்டிக்கொள்கிறாயா என்று கேட்க அவள் வீட்டுக்குப் போனேன். கதவைத் திறந்தாள். அவளைப் பார்க்க முடியாமல் பக்கத்தில் பார்த்தேன். பிர்ச் மரக்கட்டை குவியலாகக் கிடந்தது.

"விறகு இன்னும் பிளக்கல போல" என்றேன்.

"இல்ல" என்றாள்.

பிளந்தேன். குவியல் முழுவதையும். அடுக்கியும் வைத்தேன். கூப்பிட்டுக் காப்பியும் ஏலக்காய் பன்னும் கொடுத்தாள். பிர்ச் நல்ல பிர்ச் என்றேன். ஆமாம் என்றாள். வீட்டுக்கு வந்துவிட்டேன்.

ஐலியிடம் ஒரே ஒரு வாக்கியம்தான் சொன்னேன்: "லெம்பி வீட்டு விறகைப் பிளந்து குடுத்தேன்."

"வெள்ளைச் சட்டையிலயா?" என்றாள். அதற்குமேல் பேச்சு இல்லை.

அந்த ஒரு வாக்கியத்திலிருந்து ஒரு முழுப் படம் எழுதிவிட்டாள். மறுவருஷம் நான் ஒன்றும் அறியாமல் சவுனாவுக்கு நெருப்பு வைத்துவிட்டு வந்து உட்காருகிறேன், தொலைக்காட்சியில் ஒரு லாரிக்காரன் வெள்ளைச் சட்டையோடு கோடாலியைத் தூக்குகிறான். இந்த முறை ஹெல்சிங்கிக்காரர்கள் எதையும் சேர்க்கவில்லை, எதையும் வெட்டவில்லை. அத்தனை படத்திலும் இதைத்தானா அப்படியே விட வேண்டும்? நான் பாதியிலேயே எழுந்துவிட்டேன். அந்த வாரம் என்னளவுக்குச் சூடாகச் சவுனா எடுத்தவன் மாகாணத்திலேயே இருக்க மாட்டான்.

திங்கட்கிழமை லாரி ஷெட்டில் யாரும் படத்தைப் பற்றிப் பேசவில்லை. மெக்கானிக் வில்ஹோ மட்டும் லாரிக்கு அடியிலிருந்து தலையை நீட்டினான்.

"உந்தோ, எங்க வீட்டுலயும் கொஞ்சம் விறகு கெடக்கு. பயப்படாத, கல்யாணமெல்லாம் வேண்டாம். பிளந்து மட்டும் குடு."

என் அக்காவின் படத்துக்கு இந்த ஊரில் வந்த ஒரே விமர்சனம் அது.

கோபத்தில் கிறிஸ்துமஸ் வரை அக்காவோடு பேசவில்லை. அவள் அதைக் கவனிக்கவே இல்லை. எங்களுக்குள் வழக்கமாக ஓடுகிற பேச்சே அவ்வளவுதான்.*

* அடிக்குறிப்பு: படம் வந்ததற்கு அடுத்த ஞாயிறு லெம்பியே எங்கள் வீட்டுக்கு வந்தாள். கையில் மீன் வைத்துச் சுட்ட ரொட்டி ஒன்று. "அடுத்த தடவ கோடாலி இல்லாம வா" என்றாள். போனேன். அடுத்த கோடையில் கல்யாணம் நடந்தது. ஊர் சிரித்ததைப் பார்த்துப் பரிதாபப்பட்டிருப்பாள். இது ஐலியின் தொழிலோடு சேர்ந்த விஷயம் அல்ல என்பதால் கீழே சிறிய எழுத்தில் போடுகிறேன்.

5

இதுவரை எழுதியதை ஐலியிடம் கொண்டுபோனேன். கண்ணாடியைப் போட்டாள், பென்சிலை எடுத்தாள். என் தாளில் பென்சில் வைக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை.

"'சூடு' ரொம்ப வருது" என்று ஒன்றை அடித்தாள். "வில்ஹோ சொன்னது நல்லா இருக்கு. அத விடு." ஓரிடத்தில் தோள் குலுங்கச் சிரித்தாள். ஜெயித்துவிட்டோம் என்று நான் இரண்டாவது பன்னை எடுத்தேன்.

படித்து முடித்ததும் தாள்களைத் தட்டி ஒழுங்காக அடுக்கினாள். திரும்பத் திரும்ப அடுக்கினாள்.

"இவ்வளவுதானாடா?"

"எது?"

"நான் பண்ணினது. பேச்சைச் சேத்தாங்க. பேச்ச வெட்டினாங்க. சவப்பெட்டி படகுல போச்சு. தம்பி மானம் சந்தி சிரிச்சுது. அவ்வளவுதான?"

"சிரிக்கட்டும்னு எழுதினேன்க்கா."

"சிரிப்பு வந்துதே. அதான் சொல்றேன்."

கேட்க வேண்டியதைக் கேட்டேன். அந்த விறகுப் படத்துக்குப் பிறகு ஏன் ஒன்றுமே வரவில்லை?

"எழுதினேன். அவங்க வாங்கல." பன்னைக் காப்பியில் முக்கினாள். "அந்தப் படம் எடுக்கும்போது ரொல்ஃப் போன் பண்ணினான். லாரிக்காரன் கடைசியில திரும்பி வரணும், கதவைத் தட்டணும், கட்டிக்கிறியான்னு கேக்கணும், பாக்குறவங்க அழணும்னான். மாட்டேன்னுட்டேன்."

"ஏன்?"

"நீ திரும்பலையே."

"அது படம்தானக்கா! திரும்பினா என்ன கெட்டுப்போச்சு?"

"எனக்கு அவனைத் தெரியும். அவன் திரும்புற ஆளு இல்லன்னேன். ரொல்ஃப் மாத்திப் பாத்தான், நான் கையெழுத்துப் போடல. வேற வழியில்லாம நான் எழுதினபடியே எடுத்தாங்க. அவன் போறான், அவ ஜன்னல்ல நிக்கிறா, முடிஞ்சுது. அதோட என்னையும் முடிச்சுட்டாங்க. இந்தம்மா சொன்னபடி கேக்க மாட்டான்னு." கோப்பையை வைத்தாள். "நல்ல முடிவு. ஆனா யாரு பாத்தா? எல்லாரும் சவுனாவுக்குப் போயிருப்பீங்க. நீயே போயிட்டேன்னு இங்க எழுதி வெச்சிருக்க."

மிச்சப் பன்னை வாயில் போட்டுக்கொண்டேன்.

"டிக்கெட் விற்பனையாளர்னே போடு" என்றாள். "அந்த வார்த்தையக் கல்லுல பாத்தா, எந்தப் படம்னு கேப்பாங்க. சொல்றதுக்கு ஒரு ஆள் இருக்காது. சும்மா கேட்டுட்டேன். விடு."

வழக்கில் ஜெயித்துவிட்டேன். நான் விரும்பிய சொல்தான், அவள் வாயாலேயே வந்துவிட்டது. வீடு வரும்வரை இரண்டாவது கியரிலேயே ஓட்டினேன். பெயருக்குக் கீழே லாரி ஓட்டுநர் என்று வெட்டப்போகிறவன்.

6

அதன் பிறகு முடிவை மாற்றிப் பார்த்தேன்.

[முடிவு] கல் திறக்கப்பட்டது. 'திரைக்கதையாசிரியர்' என்ற சொல் வெயிலில் மின்னியது. ஊர் மக்கள் தொப்பியைக் கழற்றி

(எந்த ஊர் மக்கள்? அங்கே நானும் ரெய்யோவும் கொசுவும்தான் இருப்போம்.)

[முடிவு] தம்பி அக்காவின் கையைப் பிடித்து, "உன் படம் நன்றாக இருந்தது" என்

(இதைப் படித்தால் அவள் பென்சிலால் தாளைக் கிழித்துவிடுவாள். நான் எப்போது அவள் கையைப் பிடித்தேன்?)

இப்படிச் சமையலறை மேஜையில் எழுதி எழுதி அடித்துக்கொண்டிருந்தபோது லெம்பி வந்து என் தோளுக்கு மேலே தலையை நீட்டினாள். மீன் சுத்தம் செய்த கையோடு அடிக்குறிப்பைத் தொட்டாள். செதில் ஒட்டிக்கொண்டது.

"என்னய்யா எழுதியிருக்க? பரிதாபப்பட்டு வந்தேனாமே, நான்?"

"வேற எதுக்கு வந்த?"

"அட மக்கு மனுஷா. நீ விறகு பிளக்கத்தான் வந்தேன்னு நெனச்சுக்கிட்டு இருந்தேன்! ஒருத்தன் விறகு பிளக்க வெள்ளைச் சட்டை போட்டுக்கிட்டு வர்றான், சரி, இவனுக்கு வேற சட்டை இல்ல போலன்னு விட்டுட்டேன். அப்புறம் அந்தப் படம் வந்துது. அந்தப் பொம்பள ஜன்னல்ல நின்னு அவன் போறதப் பாத்துக்கிட்டே இருக்கா. எனக்குத் தாங்கல. 'கூப்பிடுடி மண்டு, அவன் உன்னைக் கேக்க வந்தவன்டி'ன்னு டிவியப் பாத்துக் கத்துறேன். கத்தினப்புறம்தான் உறைச்சுது, யாரைத் திட்டிக்கிட்டு இருக்கேன்னு."

பேனாவைக் கீழே வைத்தேன்.

"அப்ப நீ கடைசி வரைக்கும் பாத்தியா?"

"எழுந்திரிச்சாத்தானே? பேரெல்லாம் ஓடுது, ஐலி குய்துனென்னு வருது, நான் அப்படியே உக்காந்திருக்கேன். சவுனா ஆறியே போச்சு."

"அவன் திரும்பி வந்து கேட்டிருந்தான்னா?"

லெம்பி கொஞ்சம் யோசித்தாள். "அழுதிருப்பேன். மூக்கைச் சிந்திட்டுச் சவுனாவுக்குப் போயிருப்பேன். அவங்க சேந்துட்டாங்கல்ல, எனக்கு என்ன வேலை?"

"இத ஐலிகிட்ட சொன்னியா?"

"நான் எதுக்குச் சொல்லணும்? நீ சொல்லியிருப்பேன்னு நெனச்சேன்."

"எனக்கே இப்பத்தானே தெரியும்!"

"நீ கேக்கலையே" என்று மீனிடம் திரும்பிப் போனாள்.

உடனே ஐலிக்குப் போன் செய்தேன்.

"என்ன?" என்றாள்.

"நாளைக்கு மழை வரும் போல" என்றேன்.

"ஆமா" என்றாள்.

வைத்துவிட்டேன். அதனால்தான் இந்த ஆறாவது பகுதியை எழுதினேன். வாசகர் மன்னிக்க வேண்டும், இது உங்களுக்காக எழுதியது அல்ல.

7

இந்தப் பகுதி ஐலியிடம் இல்லை. ஸ்டீயரிங்மேல் தாளை வைத்து இப்போதுதான் எழுதுகிறேன். கார் அவள் வீட்டு முற்றத்தில் நிற்கிறது. மழை வரவில்லை.

முதல் ஆறு பகுதிகளையும் அவள் மேஜைமேல் வைத்தேன். கல்லுக்கான தாளையும் வைத்தேன். அதில் அவள் பெயருக்குக் கீழே இரண்டு சொல்லையும் ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கிறேன். "எது வேண்டாமோ அத நீயே அடி" என்று சொல்லிவிட்டு, அவள் ஏதாவது கேட்பதற்குள் வெளியே வந்துவிட்டேன்.

இங்கிருந்து சமையலறை ஜன்னல் தெரிகிறது. பென்சில் ஆடிக்கொண்டே இருந்தது. மூன்றாம் பகுதியை அவள் சும்மா விட்டிருக்க மாட்டாள். பிறகு ஒரு இடத்தில் பென்சில் நின்றது. இன்னும் நிற்கிறது. லெம்பி கத்துகிற இடமாக இருக்கலாம். கடைசித் தாளைப் பின்னால் வைத்துவிட்டு மறுபடி முன்னால் எடுக்கிறாள்.

[முடிவு] அவள் கண்களில்

(தெரியாது. இவ்வளவு தூரத்தில் என் கண்ணுக்கு ஒன்றும் தெரியாது. தெரிந்தாலும் எழுத மாட்டேன்.)

ரெய்யோவின் வேன் வந்துவிட்டது. இறங்கி வந்து என் கார் கண்ணாடியைத் தட்டுகிறான்.

"தாள் ரெடியா?"

"உள்ள இருக்கு. போய் வாங்கிக்க."

"நீ வரல?"

"எழுதிக்கிட்டு இருக்கேன்ல, கண்ணு தெரியல?"

போகிறான். இந்த முடிவை நான் எழுதப்போவதில்லை. நான் எழுதினால் பொய் வரும், பொய்யை அவள் கண்டுபிடித்துவிடுவாள். நீங்கள் வேண்டுமானால் ரெய்யோவுக்குப் பின்னாலேயே போங்கள். கதவு பூட்டியிருக்காது. செருப்பைக் கழற்றிவிட்டு நுழையுங்கள், காப்பி வேண்டாம் என்று மட்டும் சொல்லாதீர்கள். மேஜைமேல் தாள் இருக்கும். இரண்டு சொல்லில் எது அடிபட்டிருக்கிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள். எனக்கு வந்து சொல்ல வேண்டாம், கல்லில் பார்த்துக்கொள்கிறேன்.

ஆனால் போனதற்கு அவளிடம் படத்தைப் பற்றி ஏதாவது சொல்லிவிட்டு வாருங்கள். இந்த ஊரில் யாரும் சொல்ல மாட்டோம். நீங்கள் வெளியூர், உங்களால் முடியும். ஒரு வாக்கியம் போதும். அதற்குமேல் போனால் அவள் வெட்டிவிடுவாள்.